வென்றவர் மறுபடியும் நீதிமன்றப் படியேற வேண்டுமா?

மட்டாஞ்சேரிக்குத் தெற்கே, காயல் சூழ்ந்து கிடக்கும் ஊர் கும்பளங்கி. சீன வலைகள், பொக்காளி வயல்கள், இறால் வளர்க்கும் கெட்டுகள் என்று தண்ணீரை நம்பியே பிழைக்கும் ஊர். 2003-ல் கேரள அரசு இதை மாதிரிச் சுற்றுலாக் கிராமமாக அறிவித்தது. 2019-ல் வந்த ‘கும்பளங்கி நைட்ஸ்’ படம் அந்த ஊர்ப் பெயரைத் தமிழ் ரசிகர்களிடமும் கொண்டுவந்து சேர்த்தது. இந்த ஊருக்குக் கிழக்கே மரடு இருக்கிறது. வேம்பநாட்டுக் காயல் வழியாகத் தென்கிழக்கே போனால், ஆலப்புழை மாவட்டம் பாணாவள்ளி ஊராட்சியைச் சேர்ந்த நெடியதுருத்து என்னும் தீவு வரும்.

இந்த இரண்டு இடங்களிலும் கடலோர ஒழுங்குமுறை விதிகளை மீறி எழுப்பப்பட்ட கட்டடங்களை இடிக்கும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது. மரட்டில் 2020 ஜனவரியிலும் நெடியதுருத்தில் 2023 மார்ச்சிலும் அது நிறைவேறியது. ஆனால் உத்தரவு வந்ததும் அரசு அசையவில்லை. ஓரிடத்தில் தலைமைச் செயலாளர் டெல்லிக்குப் போய் நீதிபதிகள் முன்னால் நிற்க வேண்டி வந்தது. இன்னோரிடத்தில் தலைமைச் செயலாளர் மீது அவமதிப்பு நடவடிக்கை பாயும் என்று எச்சரிக்க வேண்டி வந்தது. அதற்குப் பிறகே வேலை முடிந்தது.

நாட்டின் உச்ச நீதிமன்றம் சொன்னதற்கே இந்த நிலை என்றால், ஓய்வூதிய பாக்கிக்கு உயர் நீதிமன்றத்தில் உத்தரவு வாங்கிய ஒரு விதவையின் நிலை என்ன? நிலத்துக்கு இழப்பீடு வாங்கித் தரச் சொல்லித் தீர்ப்புப் பெற்ற விவசாயியின் நிலை என்ன? அவர்களுக்காக எந்தத் தலைமைச் செயலாளரும் டெல்லிக்கு அழைக்கப்படப் போவதில்லை. நீதிமன்ற அவமதிப்பு பற்றிப் பேசும்போதெல்லாம் நாம் நீதிபதியின் மானத்தைப் பற்றியே பேசுகிறோம். வழக்கில் வென்ற மனிதருக்குச் சேர வேண்டியது சேர்ந்ததா என்பதுதான் முதலில் கேட்க வேண்டிய கேள்வி.

மரடு: தேதி எழுதிய பிறகு நடந்தது

மரடு ஊராட்சியாக இருந்த காலத்தில், 2006-ல், காயலோரத்தில் அடுக்குமாடிக் குடியிருப்புகள் கட்ட அனுமதி தரப்பட்டது. கடலோர மண்டல ஆணையத்தின் ஒப்புதல் இல்லாமல் தரப்பட்ட அனுமதி அது. தவறு தெரிந்து 2007-ல் ஊராட்சி நோட்டீஸ் அனுப்பியது. கட்டுநர்கள் உயர் நீதிமன்றம் போனார்கள். தனி நீதிபதி முன்பும் பிறகு டிவிஷன் பெஞ்ச் முன்பும் கட்டுநர்களே வென்றார்கள். கேரளக் கடலோர மண்டல மேலாண்மை ஆணையம் உச்ச நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு செய்தது. 2019 மே 8-ல் நீதிபதிகள் அருண் மிஸ்ரா, நவீன் சின்ஹா அமர்வு, ஒரு மாதத்துக்குள் கட்டடங்களை இடிக்கச் சொன்னது. இதற்கிடையில் நூற்றுக்கணக்கான வீடுகளில் குடும்பங்கள் குடியேறிவிட்டிருந்தன.

ஒரு மாதம் போனது. நான்கு மாதமும் போனது. செப்டம்பர் 6-ல் நீதிமன்றம் மறுபடி உத்தரவிட்டது: 20-ஆம் தேதிக்குள் முடித்து அறிக்கை கொடுங்கள், 23-ஆம் தேதி தலைமைச் செயலாளர் நேரில் வரட்டும். அன்று நீதிபதிகளின் கோபத்தை நாடே செய்தியில் படித்தது. அடுத்த சில நாட்களில் நடந்ததைத்தான் நாம் ஊன்றிப் பார்க்க வேண்டும். அரசு ஒரு கால அட்டவணையைக் கொண்டுவந்தது. இடிப்பதற்கும் இடிபாடுகளை அகற்றுவதற்கும் 138 நாள். மின்சாரமும் குடிநீரும் எப்போது நிறுத்தப்படும், மக்கள் எப்போது வெளியேறுவார்கள் என்று ஒவ்வொன்றுக்கும் தேதி. ஃபோர்ட் கொச்சி சப்-கலெக்டரிடம் மரடு நகராட்சிச் செயலர் பொறுப்பு ஒப்படைக்கப்பட்டது. செப்டம்பர் 27-ல் நீதிமன்றம் அந்த அட்டவணையை ஏற்றது. வீட்டு உரிமையாளர்கள் ஒவ்வொருவருக்கும் நான்கு வாரத்துக்குள் 25 லட்சம் ரூபாய் இடைக்கால இழப்பீடு தரச் சொன்னது. இழப்பீட்டை மதிப்பிட, ஓய்வுபெற்ற நீதிபதி கே. பாலகிருஷ்ணன் நாயர் தலைமையில் குழு அமைத்தது. 2020 ஜனவரி 11, 12 ஆகிய இரண்டே நாட்களில் நான்கு வளாகங்களும் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டன.

மே மாதத்துக்கும் செப்டம்பருக்கும் இடையில் சட்டம் மாறவில்லை. அரசும் மாறவில்லை. மே மாத உத்தரவில் இல்லாத நான்கு விஷயங்கள் செப்டம்பர் உத்தரவில் இருந்தன: பொறுப்பான அதிகாரி, படிப்படியான தேதிகள், செலவுக்கும் இழப்பீட்டுக்கும் வழி, இழப்பீட்டை மதிப்பிட ஒரு குழு. நூற்றுக்கணக்கான குடும்பங்கள் குடியிருக்கும் அடுக்குமாடிக் கட்டடங்களை ஒரு மாதத்தில் இடி என்று ஒற்றை வரியில் சொன்னால், எந்த நகராட்சிக்கும் அது எங்கே தொடங்குவது என்று தெரியாத வேலை. அந்த ஒற்றை வரி, பணம் கொடுத்து வீடு வாங்கி ஏமாந்த குடும்பங்களையும் மறந்துவிட்டது. எங்களைக் கேட்கவே இல்லையே என்று அவர்கள் தெருவில் உட்கார்ந்து போராடியதில் நியாயம் இருந்தது. நிறைவேற்றும் வழியை முதல் நாளே யோசித்திருந்தால், அவர்களுடைய இழப்பீடும் முதல் நாளே பேசப்பட்டிருக்கும்.

நெடியதுருத்து: வலை கட்டியவர்களின் வழக்கு

மரட்டின் இடிப்பைத் தொலைக்காட்சிகள் நேரலையில் காட்டின. நெடியதுருத்தில் நடந்தது அந்த அளவுக்குத் தமிழ் வாசகர்களை எட்டவில்லை. எனக்கு இந்த வழக்கே முக்கியமானதாகப் படுகிறது. ஏனென்றால் இதை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனவர்களில் காயலில் வலை கட்டிப் பிழைத்த மீனவர்கள் இருந்தார்கள்.

வேம்பநாட்டுக் காயலின் தொழிலில் ஒன்று ஊன்னி வலை. நீரோட்டம் உள்ள இடத்தில் இரண்டு மரக்கால்களை அடியில் பாயும்படி ஊன்றுவார்கள். வாய் அகன்று வால் குறுகிய பை போன்ற வலையை அவற்றுக்கிடையே கட்டுவார்கள். ஏற்றம் முடிந்து தண்ணீர் கடல் நோக்கி வடியத் தொடங்கும் நேரம்தான் அவர்களுடைய வேலை நேரம். வடியும் நீரோடு வரும் இறால் பைக்குள் சேரும். ஓட்டம் நிற்பதற்குள் வாலை அவிழ்த்து எடுத்துவிட வேண்டும். நினைத்த இடத்தில் இதைச் செய்ய முடியாது. கால் ஊன்றும் இடம் வரிசைப்படி குறிக்கப்பட்டது, அதற்கு உரிமம் உண்டு, தகப்பனிடமிருந்து பிள்ளைக்கு வருவதும் உண்டு. தீவைச் சுற்றிக் கட்டுமானம் வந்து காயலின் ஓரம் நிரப்பப்பட்டால், அந்த இடமும் அதோடு சேர்ந்த தொழிலும் போய்விடும்.

நெடியதுருத்தில் எழுந்தது காப்பிகோ ரிசார்ட், 54 வில்லாக்கள் கொண்டது. 2013 ஜூலையில் கேரள உயர் நீதிமன்றம் அதை இடிக்கச் சொன்னது. வேம்பநாடு, 2011-ஆம் ஆண்டு கடலோர அறிவிக்கையில் மிகவும் நலிவடையக்கூடிய கடலோரப் பகுதி என்று தனியாகக் குறிக்கப்பட்ட காயல். 2002 முதல் ஈரநிலங்களுக்கான ராம்சார் பட்டியலிலும் இருக்கிறது. ரிசார்ட் தரப்பு உச்ச நீதிமன்றம் போனது. 2020 ஜனவரி 10-ல் நீதிபதிகள் ரோஹிண்டன் நாரிமன், வி. ராமசுப்பிரமணியன் அமர்வு, உயர் நீதிமன்றத் தீர்ப்பை உறுதிசெய்தது. மரடு தகர்க்கப்படுவதற்கு முந்தைய நாள் அது. ஆனாலும் இடிப்பு வேலை தொடங்கியது 2022 செப்டம்பரில். 2023 மார்ச் 28-க்குள் முடியாவிட்டால் தலைமைச் செயலாளர் மீது அவமதிப்பு நடவடிக்கை என்று உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகே முழுமையாக முடிந்தது.

முதல் தீர்ப்பிலிருந்து கடைசிச் சுவர் வரை ஏறத்தாழப் பத்து வருடம். கொரோனா காலத்தைக் கழித்தாலும் மீதி காலத்துக்கு யார் பதில் சொல்வது? முதல் தீர்ப்பு வந்தபோது நாற்பது வயதான மீனவருக்கு, இடித்து முடிந்தபோது ஏறத்தாழ ஐம்பது. அந்தப் பத்து வருடத்தில் அவர் வலை கட்டாத நாட்களுக்கு எந்த உத்தரவிலும் கணக்கு இல்லை.

இரண்டு வேறு விஷயங்கள்

1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இரண்டு வேறுபட்ட காரியங்களை ஒரே பெயரின் கீழ் வைத்திருக்கிறது. நீதிமன்றத்தை இழிவுபடுத்துவதும் நீதி நடைமுறையில் குறுக்கிடுவதும் குற்றவியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் உத்தரவை, அல்லது நீதிமன்றத்துக்குக் கொடுத்த வாக்குறுதியை, வேண்டுமென்றே மீறுவது உரிமையியல் அவமதிப்பு.

பொதுவெளியில் சூடு பறப்பதெல்லாம் முதல் வகையைப் பற்றித்தான். நீதித்துறை வர்க்கச் சார்பு கொண்டது என்று 1967-ல் பத்திரிகையாளர்களிடம் சொன்னதற்காக, அப்போது கேரள முதல்வராக இருந்த இ.எம்.எஸ். நம்பூதிரிப்பாடுக்கு உயர் நீதிமன்றம் ஆயிரம் ரூபாய் அபராதம் விதித்தது. 1970-ல் உச்ச நீதிமன்றம் அதை ஐம்பது ரூபாயாகக் குறைத்தது. 2020-ல் வழக்கறிஞர் பிரசாந்த் பூஷணுக்கு ஒரு ரூபாய் அபராதம். விமர்சனத்தைத் தண்டிக்கும் அதிகாரம் ஜனநாயகத்துக்குத் தேவையா என்ற கேள்வி நியாயமானது. இந்த அதிகாரத்தை நீதிபதிகள் அரிதிலும் அரிதாகவே எடுக்க வேண்டும் என்பதே என் கருத்தும்.

ஆனால் இந்த விவாதத்தில் இரண்டாவது வகை மறைந்துபோகிறது. அவமதிப்பு அதிகாரமே பழைய காலத்து மிச்சம் என்று பேசுகிறவர்கள், ஏழை மனுதாரருக்கு அரசை எதிர்த்து இருக்கும் கடைசி ஆயுதமும் அதுவே என்பதை மறக்கிறார்கள். உத்தரவை மீறும் அதிகாரி அவமதிப்பது உத்தரவில் பெயர் எழுதப்பட்டிருக்கும் மனிதரை. பத்திரம் கையில் இருந்தும் சாவி கிடைக்காத வீடு போல, அவருடைய தீர்ப்பு பீரோவில் கிடக்கிறது.

அந்த ஆயுதத்தின் கூர்மையையும் பார்க்க வேண்டும். சட்டப்படி உச்சபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். 1971-ல் எழுதிய இரண்டாயிரம் இன்றும் இரண்டாயிரமே. மன்னிப்புக் கேட்டால் அதுவும் விலகலாம். மீறல் நடந்து ஓராண்டுக்குள் வழக்குத் தொடுக்க வேண்டும் என்கிறது 20-ஆம் பிரிவு. வேண்டுமென்றே மீறினார் என்று மெய்ப்பிக்கும் பாரம் மனுதாரர் தலையில்.

தண்டனை பிந்தி வந்தால் பயன் என்ன என்பதற்கு அயோத்தி ஒரு பாடம். கட்டுமானம் நடக்காமல் பார்த்துக்கொள்வதாக நீதிமன்றத்துக்குக் கொடுத்த வாக்கு மீறப்பட்டு 1992 ஜூலையில் அங்கே மேடை எழுந்தது. அதற்காக உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு உச்ச நீதிமன்றம் ஒருநாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் விதித்தது 1994 அக்டோபரில். இடைப்பட்ட காலத்தில் மசூதியே இடிக்கப்பட்டுவிட்டது.

‘பரிசீலிக்கவும்’ என்று ஓர் உத்தரவு

சாதாரண மனுதாரரின் பாதை எப்படிப்பட்டது? உயர் நீதிமன்றத்தில் உத்தரவு வருகிறது. சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பித்துக் காத்திருக்கிறார். நகல் வந்ததும் அலுவலகத்துக்குத் தபாலில் அனுப்பி, ஒப்புகையைப் பத்திரப்படுத்துகிறார். கெடு முடிகிறது. நேரில் போனால், கோப்பு மேலே போயிருக்கிறது என்ற பதில். வக்கீல் நோட்டீஸ் அனுப்புகிறார். பிறகு அவமதிப்பு வழக்கு. அதற்குத் தனியாகச் செலவு, தனியாக வாய்தா. முதல் விசாரணையில் அரசு வழக்கறிஞர் அவகாசம் கேட்கிறார். இரண்டாவது விசாரணையில், மேல்முறையீடு செய்யப் போகிறோம் என்கிறார். மேல்முறையீடு செய்தாலே உத்தரவு நின்றுவிடாது, தடையாணை வாங்கினால்தான் நிற்கும் என்பது சட்டம் படித்த எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் அந்தப் பதில் பல மாதங்களை வாங்கிக்கொடுக்கிறது.

இதைவிட வருத்தமானது, உத்தரவே வெறும் ‘பரிசீலிக்கவும்’ என்று இருப்பது. மனுதாரரின் கோரிக்கையை எட்டு வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்கவும் என்று நீதிமன்றம் சொல்லும். அதிகாரி சும்மா இருப்பார். அவமதிப்பு வழக்கு வந்ததும், பரிசீலித்தோம், நிராகரித்தோம் என்று இரண்டு பக்க ஆணை போடுவார். உத்தரவுக்கு இணங்கியாயிற்று என்று அவமதிப்பு வழக்கு முடித்துவைக்கப்படும். நிராகரிப்பை எதிர்க்க மனுதாரர் புதிதாக இன்னொரு வழக்குப் போட வேண்டும். இத்தகைய உத்தரவுகளின் குழப்பத்தை உச்ச நீதிமன்றமே 2006-லும் 2008-லும் நீதிபதி ஆர்.வி. ரவீந்திரன் எழுதிய தீர்ப்புகளில் விளக்கியிருக்கிறது. பழக்கம் மாறவில்லை.

சென்னையில் நடந்ததைப் பாருங்கள். நெற்குன்றத்தில் உடன்பிறந்த இருவருடைய நிலம் 1983-ல் வீட்டு வசதி வாரியத்துக்காகக் கையகப்படுத்தப்பட்டது. அதைத் திருப்பிக் கேட்ட மனுவை இரண்டு மாதத்தில் பரிசீலிக்கும்படி 2023-ல் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்துக்கு உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. நடக்கவில்லை. 2025 மே மாதம், அந்தக் குழுமத்தின் பொறுப்பில் இருந்த ஐ.ஏ.எஸ். அதிகாரிக்கு ஒரு மாத வெறுங்காவல் விதித்து, மனுதாரர்களுக்கு 25,000 ரூபாய் இழப்பீடு தரவும் நீதிபதி பி. வேல்முருகன் உத்தரவிட்டார். மேல்முறையீட்டில் தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது. அதிகாரிக்குச் சிறை என்ற செய்தி எல்லாப் பத்திரிகைகளிலும் வந்தது. நிலம் பற்றிய முடிவு என்ன ஆயிற்று என்று யாரும் தேடவில்லை. அவமதிப்பு வழக்கு அதிகாரிக்கும் நீதிபதிக்கும் இடையிலான மோதலாக மாறும்போது, மனுதாரர் காட்சியிலிருந்தே விலகிவிடுகிறார்.

உயர் நீதிமன்றங்களில் நிலுவையில் உள்ள அவமதிப்பு வழக்குகள் ஒரு லட்சத்தைத் தாண்டிவிட்டதாக மத்தியச் சட்ட அமைச்சகமே நாடாளுமன்றத்தில் சொல்லியிருக்கிறது. உரிமையியல் நீதிமன்றங்களிலும் இதே கதை. தமிழ்நாட்டிலிருந்து போன, 1980-களில் தொடங்கிய ஒரு சொத்து வழக்கில், நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்கும்படி 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பிறகு கணக்கெடுத்தபோது, நாடு முழுவதும் 8.8 லட்சம் நிறைவேற்று மனுக்கள் தேங்கிக் கிடப்பது தெரிந்தது. இத்தனை பேரும் வழக்கில் வென்றவர்கள்.

பருவம் காத்திருக்காது

காலதாமதம் என்றால் என்னவென்று தெரிந்துகொள்ளக் கும்பளங்கி, செல்லானம் பக்கத்துப் பொக்காளி வயல்களைப் பார்க்க வேண்டும். உப்புத் தண்ணீரைத் தாங்கும் இந்த நெல்லுக்கு 2008-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. நவம்பர் நடுவிலிருந்து ஏப்ரல் நடு வரை, விஷுவை ஒட்டி, வயலில் இறால் வளர்ப்பு. அதற்குப் பிறகு மதகை அடைத்து, உப்புநீரை இறைத்து, சேற்றைக் காயவிட்டு, மண்ணைக் கூன் கூனாகக் குவித்து வைப்பார்கள். ஜூனில் பெய்யும் மழை கூன்களிலுள்ள உப்பைக் கழுவும். முளைகட்டிய விதையை அதன் தலையில் விதைப்பார்கள். அறுக்கும்போது கதிரை மட்டும் அறுத்துக்கொண்டு தாளை விட்டுவிடுவார்கள். அது அழுகி அடுத்த இறாலுக்கு இரையாகும். ஒரு நெல், ஒரு மீன் என்பதுதான் இந்த நிலத்தின் ஒழுங்கு.

இறால் லாபம், நெல் நட்டம் என்பதால், ஆண்டு முழுவதும் உப்புநீரைத் தேக்கி வைக்கும் ஆசை இன்று பலருக்கு. தேங்கிய உப்புநீர் வயலோடு நிற்பதில்லை. பக்கத்து வீட்டுச் சுவரில் ஏறுகிறது, பூச்சு உதிர்கிறது, செங்கல் மாவாகிறது. இப்படிப்பட்ட ஊரில், ஏப்ரல் பதினான்குக்குப் பிறகு தண்ணீரை இறைத்தாக வேண்டும் என்று ஓர் உத்தரவு வந்தால், அது மே மாதத்துக்குள் நிறைவேற வேண்டும். ஆகஸ்டில் நிறைவேறினால் மீறியதற்குச் சமம். மழை போய்விட்டது, விதைக்கும் நாளும் போய்விட்டது. ஓராண்டுக்குள் அவமதிப்பு வழக்குப் போடலாம் என்ற சட்டம் அந்த விவசாயிக்கு எதைத் திருப்பிக் கொடுக்கும்?

கும்பளங்கியில் கடலோரக் கட்டுமானக் கட்டுப்பாட்டை நினைத்துப் பயப்படுகிறவர்களும் இருக்கிறார்கள். காயல் தீவுகளில் கரையிலிருந்து 50 மீட்டருக்குள் புதுக் கட்டடம் கூடாது, உள்ளூர் மக்களின் பழைய வீட்டைச் செப்பனிடலாம் என்றது 2011 அறிவிக்கை. 2019 அறிவிக்கை அந்தத் தூரத்தை 20 மீட்டராகக் குறைத்தது. அதற்கான கேரளத்தின் வரைபடத் திட்டத்துக்கு ஒப்புதல் வந்தது 2024-ல்தான். மரடு தீர்ப்பின் தொடர்ச்சியாக உச்ச நீதிமன்றம் மாநிலத்தின் விதிமீறல்களைக் கணக்கெடுக்கச் சொன்னபோது, பட்டியல் 26,000-ஐத் தாண்டியது. அதில் பணக்காரர் கட்டிய விடுதியும் இருக்கலாம், மகள் கல்யாணத்துக்காக மீனவர் எழுப்பிய ஓர் அறையும் இருக்கலாம். உத்தரவை நிறைவேற்று என்பதற்கு, எல்லாவற்றையும் ஒரே மாதிரி இடி என்று பொருள் கொண்டால் அது அநீதி. அவமதிப்புக்குப் பயந்த அதிகாரி முதலில் கை வைப்பது எளியவர் வீட்டில்தான் என்பது நாம் பல ஊர்களில் கண்டது. யாரை முதலில், எந்த வரிசையில், என்ன மாற்று ஏற்பாட்டோடு என்பதை உத்தரவே சொல்ல வேண்டும்.

மாநிலங்களே மீறும்போது

தமிழ் வாசகர்களுக்கு இந்த வேதனை புதிதல்ல. 2002-ல் காவிரியில் தண்ணீர் திறக்கச் சொன்ன உத்தரவைக் கர்நாடகம் மீறியது. அவமதிப்பு வழக்கு வந்தபின் முதல்வர் எஸ்.எம். கிருஷ்ணா நிபந்தனையற்ற மன்னிப்புக் கேட்டார். 2018 பிப்ரவரித் தீர்ப்பு, செயல்திட்டம் வகுக்க மத்திய அரசுக்கு ஆறு வாரம் தந்தது. கெடு முடிந்ததும் தமிழ்நாடு அவமதிப்பு மனுப் போட்டது. காவிரி மேலாண்மை ஆணையம் அரசிதழில் வந்தது ஜூன் 1-ல். முல்லைப் பெரியாறில் 142 அடி வரை நீர் தேக்கலாம் என்று 2006 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது. சில வாரங்களுக்குள் கேரளச் சட்டப்பேரவை 136 அடிதான் என்று சட்டமே இயற்றியது. அந்தச் சட்டம் செல்லாது என்று அரசியல் சாசன அமர்வு சொல்ல 2014 மே ஆனது.

காவிரியில் கர்நாடகத்தையும் பெரியாற்றில் கேரளத்தையும் கண்டிக்கும் நாம், நெற்குன்றத்தில் நம் அலுவலகம் செய்ததையும் அதே அளவுகோலால் அளக்க வேண்டும். பக்கத்து மாநிலம் மீறினால் அக்கிரமம், நம் அரசு மீறினால் நிர்வாகச் சிக்கல் என்று பேசுவது நேர்மையாகாது.

அமைச்சரே ஆனாலும் நீதிமன்ற உத்தரவுக்குக் கட்டுப்பட்டவர் என்பதைப் பிரிட்டனின் பிரபுக்கள் சபை 1993-ல் உறுதிசெய்தது. ஜயரிலிருந்து தஞ்சம் தேடி வந்த ஒருவரைத் திருப்பிக் கொண்டுவரச் சொன்ன நீதிபதியின் உத்தரவை உள்துறை அமைச்சர் கென்னத் பேக்கர் மீறினார். உள்துறை அமைச்சர் என்ற பதவி நிலையில் அவமதிப்பு நடந்தது என்று சபை தீர்ப்பளித்தது. அவருக்குச் சிறைத் தண்டனை இல்லை. ஆனால் அரசுக்கு மேலே சட்டம் இருக்கிறது என்பது பதிவானது.

என்ன செய்யலாம்?

அதிகாரிகள் தரப்பிலும் உண்மை இருக்கிறது. தினமும் குவியும் உத்தரவுகள், போதாத ஆட்கள், இல்லாத நிதி, மாறிக்கொண்டே இருக்கும் பணியிடம். எடுத்ததற்கெல்லாம் நேரில் வரச் சொல்வதும் நிர்வாகத்தைக் குலைக்கும். 2024 ஜனவரி 3-ல் தலைமை நீதிபதி சந்திரசூட் அமர்வு இதற்கு நெறிமுறை வகுத்தது. அதிகாரிகளை அழைப்பது விதிவிலக்காக இருக்க வேண்டும், முதலில் காணொலி வழியை நாட வேண்டும், உடையைப் பற்றிக் குறை சொல்லக் கூடாது என்றது. வரவேற்க வேண்டிய நெறிமுறை. ஆனால் அழைப்பாணைக்கு எல்லை வகுத்த அதே அக்கறையுடன், அழைப்பாணை தேவைப்படாத அளவுக்கு உத்தரவுகள் நிறைவேற வழியும் வகுக்க வேண்டும்.

முதலாவதாக, செய்ய வேண்டிய வேலையைச் சொல்லும் ஒவ்வொரு உத்தரவிலும் எந்தப் பதவியில் உள்ளவர், எந்தத் தேதிக்குள், எந்த நிதியிலிருந்து என்று எழுத வேண்டும். கெடு முடிந்ததும் இணக்க அறிக்கைக்காக வழக்குத் தானாகவே பட்டியலில் வர வேண்டும். இன்று அந்த வேலையை மனுதாரர் தன் செலவில் செய்கிறார். மரட்டில் செப்டம்பரில் நடந்தது எல்லா வழக்கிலும் முதல் நாளே நடக்க வேண்டும்.

இரண்டாவதாக, உரிமை தெளிவாக இருக்கும் இடத்தில் ‘பரிசீலிக்கவும்’ என்று நீதிமன்றங்கள் தப்பிக்கக் கூடாது. முடிவைத் தாங்களே சொல்ல வேண்டும். பரிசீலனைக்குத்தான் அனுப்ப வேண்டும் என்றால், எந்த அம்சங்களைப் பார்க்க வேண்டும் என்று எழுதியனுப்ப வேண்டும்.

மூன்றாவதாக, ஒவ்வொரு துறையும் தனக்கு எதிரான உத்தரவுகளின் பதிவேட்டை இணையத்தில் வைக்க வேண்டும். உத்தரவு எண், கெடு, பொறுப்பான பதவி, இன்றைய நிலை. மேல்முறையீடு செய்வதா இல்லையா என்பதைக் கெடுவுக்குள் முடிவுசெய்ய வேண்டும். அதிகாரி மாறினாலும் பொறுப்பு அந்த நாற்காலியோடு இருக்கும்.

நான்காவதாக, அவமதிப்பு வழக்கு வந்த பிறகே உத்தரவு நிறைவேறியது என்றால், அந்த வழக்கின் முழுச் செலவையும் மனுதாரருக்குத் தர வேண்டும். தாமதத்துக்குக் காரணமானவரின் சம்பளத்திலிருந்து அதைப் பிடிக்க வேண்டும். இரண்டாயிரம் ரூபாய் அபராதம் அரசு கஜானாவுக்குப் போவதால் வென்றவருக்கு ஒரு பயனும் இல்லை.

ஐந்தாவதாக, இலவச சட்ட உதவியை உத்தரவு வாங்கித் தருவதோடு முடிக்கக் கூடாது. தாலுகா சட்டப் பணிகள் குழுக்கள், தாங்கள் உதவிய ஒவ்வொரு வழக்கிலும் உத்தரவு நிறைவேறியதா என்று பார்க்க வேண்டும். ஓராண்டுக் கெடு தவறுவதற்குள் அவமதிப்பு மனுவையும் அவர்களே போட வேண்டும். நெடியதுருத்தின் மீனவர்களுக்கு விடாமல் துணை நிற்பவர்கள் கிடைத்தார்கள். எல்லோருக்கும் கிடைப்பதில்லை.

இவற்றில் எதற்கும் அரசியல் சாசனத் திருத்தம் வேண்டாம். முதல் இரண்டை நீதிபதிகள் நாளையே தொடங்கலாம். பதிவேட்டுக்கு ஒரு அரசாணை போதும். அந்த அரசாணையைத் தமிழ்நாடும் கேரளமும் முதலில் போடட்டும். பெரியாற்றின் பெயரால் ஒன்றையொன்று நீதிமன்றத்தில் நிறுத்திய இரண்டு மாநிலங்கள், தங்கள் மக்கள் வென்று வைத்திருக்கும் உத்தரவுகளுக்குக் கணக்குக் கொடுப்பதில் போட்டி போடட்டும். நீதிமன்றத்தின் மதிப்பு கூடுவதும் குறைவதும் அந்தக் கணக்கைப் பொறுத்தது.